எதை ஒன்று என்று எண்ணுவது? பல துணையலகுகளால் ஆன புரதங்களின் கலைச்சொற்கள்

ஹீமோகுளோபினைப் பற்றிப் படிக்கத் தொடங்கும் ஒருவர், அது நான்கு துணையலகுகள் கொண்ட டெட்ராமர் என்று ஒரு நூலில் காண்பார். வேறொரு நூலைத் திறந்தால், அதே புரதம் இரண்டு டைமர்கள் இணைந்த டைமர் என்று எழுதப்பட்டிருக்கும்; டைமர் என்றால் இரண்டு அலகுகள் சேர்ந்தது. மூன்றாவது நூல் அதை ஹெட்டிரோடெட்ராமர், அதாவது ஒன்றுக்கு மேற்பட்ட வகையான நான்கு அலகுகள் சேர்ந்தது, என்று அழைக்கும். இவற்றுள் ஏதோ ஒன்றுதான் சரியாக இருக்க முடியும் என்று எண்ணிக் குழம்புவது இயல்பே. ஆனால் மூன்றும் சரியானவையே. இத்துறையின் கலைச்சொற்களில் பெரும்பாலானவை எண்ணிக்கையைச் சொல்பவை. எண்ணத் தொடங்குவதற்கு முன் எதை ஒன்று என்று கொள்வது என்பதை முடிவு செய்தாக வேண்டும். எழுதுபவர் அந்த முடிவைச் சொல்லாமல் விட்டுவிடும்போதுதான் படிப்பவர் தடுமாறுகிறார். ஆகவே இங்கே ஒவ்வொரு சொல்லையும் விளக்கும்போது, அந்தச் சொல் எதை ஒன்று என்று எண்ணுகிறது என்ற கேள்வியையும் கூடவே வைத்துக்கொள்வோம்.

சங்கிலியிலிருந்து கூட்டமைப்பு வரை

புரதம் என்பது அமினோ அமிலங்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கோக்கப்பட்ட பாலிபெப்டைடு சங்கிலி. அமினோ அமிலங்கள் அமைந்திருக்கும் வரிசை அதன் முதல் நிலை அமைப்பு. சங்கிலியின் சில பகுதிகள் சுருளாகவும் சில பகுதிகள் மடிப்புத் தாள் போலவும் ஒழுங்குபெறுவது இரண்டாம் நிலை. முழுச் சங்கிலியும் மடிந்து பெறும் முப்பரிமாண வடிவம் மூன்றாம் நிலை. இந்த மூன்று நிலைகளையும் பிரித்துப் பெயரிட்டவர் டென்மார்க்கின் வேதியியலாளர் கை லிண்டர்ஸ்ட்ரோம்-லாங். 1950களின் தொடக்கத்தில் அவர் இந்தப் பாகுபாட்டை முன்வைத்தார். மடிந்து முடிந்த சங்கிலிகள் பல சேர்ந்து ஒரே பொருளாக நிலைபெறுவதைக் குறிக்க, நான்காம் நிலை அமைப்பு என்ற பெயரை 1958இல் படிகவியலாளர் ஜே. டி. பெர்னல் சேர்த்தார். நாம் பேசப்போகும் சொற்கள் யாவும் இந்த நான்காம் நிலையைச் சார்ந்தவை.

எல்லாப் புரதங்களுக்கும் நான்காம் நிலை உண்டு என்று கொள்ளக்கூடாது. தசைகளில் ஆக்சிஜனைச் சேமிக்கும் மயோகுளோபின், 153 அமினோ அமிலங்கள் கொண்ட ஒரே சங்கிலி; அது தனித்தே இயங்குகிறது. இரத்தத்தில் ஆக்சிஜனைச் சுமக்கும் ஹீமோகுளோபினிலோ, ஒவ்வொன்றும் 141 அமினோ அமிலங்கள் கொண்ட ஆல்பா சங்கிலிகள் இரண்டும், 146 அமினோ அமிலங்கள் கொண்ட பீட்டா சங்கிலிகள் இரண்டும் சேர்ந்திருக்கின்றன. இவற்றைச் சேர்த்துப் பிடித்திருப்பவை பெரும்பாலும் வலுக்குறைந்த பிணைப்புகள்: நீரை விலக்கும் பரப்புகள் ஒன்றையொன்று மறைத்துக்கொள்வது, ஹைட்ரஜன் பிணைப்புகள், எதிரெதிர் மின்னூட்டங்களின் ஈர்ப்பு ஆகியன. தனித்தனியே பார்த்தால் இவை எளிதில் விடுபடக்கூடியவை; இரு சங்கிலிகள் தொட்டுக்கொள்ளும் பரப்பு முழுவதும் அவை திரளும்போது பிடிப்பு உறுதியாகிறது. சில புரதங்களில் கந்தக அணுக்களுக்கு இடையேயான டைசல்ஃபைடு பிணைப்புகளும் இந்த வேலையைச் செய்கின்றன.

இப்படிச் சேர்ந்த முழுமையைப் புரதக் கூட்டமைப்பு என்று அழைப்பது பொருத்தமானது. காம்ப்ளெக்ஸ் என்ற சொல்லைப் பார்த்துச் சிலர் அதைப் புரதச் சிக்கல் என்று பெயர்த்துவிடுகிறார்கள். அங்கே சிக்கல் எதுவும் இல்லை. பல உறுப்புகள் தம் இடமறிந்து பொருந்தியிருப்பதே அச்சொல்லின் கருத்து.

நான்கு மடங்கு என்று தெரிந்த கதை

எண்ணும் அலகு எவ்வளவு முக்கியமானது என்பதை ஹீமோகுளோபினின் வரலாறே காட்டுகிறது. ஹீமோகுளோபினின் எடையில் இரும்பின் பங்கு ஏறத்தாழ ஒரு விழுக்காட்டில் மூன்றில் ஒரு பகுதி. ஒரு மூலக்கூறில் குறைந்தது ஓர் இரும்பு அணுவாவது இருந்தாக வேண்டும் என்று வைத்துக் கணக்கிட்டால், மூலக்கூறு எடை சுமார் 16,700 என்று வரும். வேதியியலாளர்கள் இந்த எண்ணை நன்கு அறிந்திருந்தார்கள். ஆனால் இது குறைந்தபட்ச எடை மட்டுமே. ஓர் இரும்பு அணுவை ஒன்று என்று எண்ணியதால் கிடைத்த விடை. 1925இல் கில்பர்ட் அடேர், ஹீமோகுளோபின் கரைசலின் சவ்வூடு பரவல் அழுத்தத்தை அளந்து, கரைசலில் உண்மையில் மிதக்கும் துகளின் எடை சுமார் 67,000 என்று காட்டினார். முன்னைய எண்ணைப்போல் அது நான்கு மடங்கு. அதே காலத்தில் சுவீடனில் தியோடர் ஸ்வெட்பெரி தாம் உருவாக்கிய மீவிரைவு மைய விலக்குக் கருவியில் ஹீமோகுளோபினைச் சுழற்றி, அடேரின் முடிவை வலுப்படுத்தும் விடையையே பெற்றார். மாக்ஸ் பெரூட்ஸ் எக்ஸ்-கதிர்ப் படிகவியல் வழியே நான்கு சங்கிலிகளும் அடுக்கப்பட்டிருக்கும் விதத்தை 1960இல் வெளியிட்டபோது, அடேர் சொன்ன நான்கு கண்ணுக்குத் தெரியும் வடிவம் பெற்றது. மயோகுளோபினின் வடிவத்தைக் கண்ட ஜான் கென்ட்ரூவுடன் அவர் 1962ஆம் ஆண்டின் வேதியியல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.

துணையலகு, புரோட்டோமர், மோனோமர்

துணையலகு என்பது இத்துறையில் மிகுதியாகப் புழங்கும் சொல். பொருள் மிகவும் நெகிழ்ந்திருக்கும் சொல்லும் அதுவே. பெரும்பாலான இடங்களில், தனித்து மடிந்த ஒரு பாலிபெப்டைடு சங்கிலி ஒரு துணையலகு என்று கொண்டால் தவறு வராது. ஆனால் விதிவிலக்குகளை முதலிலேயே அறிந்துகொள்வது நல்லது.

இன்சுலினை எடுத்துக்கொள்வோம். அதில் 21 அமினோ அமிலங்கள் கொண்ட ஏ சங்கிலியும் 30 அமினோ அமிலங்கள் கொண்ட பி சங்கிலியும் உள்ளன. இரண்டு சங்கிலிகள் இருப்பதால் அது ஒரு டைமர் என்று எவரும் சொல்வதில்லை. காரணம், அவை இரண்டும் புரோஇன்சுலின் என்ற ஒரே சங்கிலியாகத் தோன்றி, மடிந்து, டைசல்ஃபைடு பிணைப்புகள் அமைந்த பிறகு இடைப்பகுதி வெட்டி நீக்கப்பட்டதால் இரண்டானவை. இன்சுலினின் துணையலகு என்று பேசினால் இந்த இரு சங்கிலி மூலக்கூறு முழுவதையுமே ஒன்று என்று எண்ண வேண்டும். கணையத்தில் துத்தநாகத்துடன் சேர்ந்து இன்சுலின் சேமிக்கப்படும்போது இத்தகைய ஆறு மூலக்கூறுகள் கூடி ஹெக்சாமர் ஆகின்றன. அந்த ஹெக்சாமரில் சங்கிலிகளை எண்ணினால் பன்னிரண்டு வரும்.

இந்த நெகிழ்வை நன்கு உணர்ந்தவர்கள் ஜாக் மோனோ, ஜெஃப்ரிஸ் வைமன், ஜான்-பியர் ஷான்ஜே ஆகிய மூவரும். ஒரு புரதத்தின் ஓரிடத்தில் நிகழும் பிணைப்பு, தொலைவிலுள்ள இன்னோர் இடத்தின் நடத்தையை மாற்றும் அல்லோஸ்டெரிக் மாற்றத்தைப் பற்றி 1965இல் அவர்கள் எழுதிய கட்டுரை, சொற்களை வரையறுப்பதிலிருந்தே தொடங்கியது. முழுமைக்குள் ஒரே மாதிரியாகத் திரும்பத் திரும்ப வரும் அலகுக்குப் புரோட்டோமர் என்று பெயரிட்டார்கள். அத்தகைய அலகுகள் சிறிய எண்ணிக்கையில் சேர்ந்திருப்பது ஒலிகோமர். புரோட்டோமர் மற்றவற்றிலிருந்து முழுதும் பிரிந்து தனித்திருக்கும் நிலையை மோனோமர் என்று அழைத்தார்கள். துணையலகு என்ற சொல்லை வேண்டுமென்றே வரையறுக்காமல், அடையாளம் காணக்கூடிய எந்த உட்பகுதிக்கும் பொருந்தும் பொதுச்சொல்லாக விட்டுவைத்தார்கள். இந்த ஒழுங்கு எனக்கு மிகவும் பயனுள்ளதாகத் தோன்றுகிறது. பிற்கால எழுத்தில் இது எப்போதும் பின்பற்றப்படவில்லை என்றாலும், ஐயம் வரும்போது இதனிடம் திரும்பி வருவது தெளிவைத் தரும்.

ஹீமோகுளோபினுக்கு இதைப் பொருத்திப் பார்ப்போம். ஆல்பாவும் பீட்டாவும் வெவ்வேறு சங்கிலிகள். ஆகவே திரும்பத் திரும்ப வரும் அலகு ஒரு தனிச் சங்கிலி அல்ல, ஓர் ஆல்பாவும் ஒரு பீட்டாவும் சேர்ந்த இணை. அந்த இணையே புரோட்டோமர். சங்கிலியை ஒன்று என்று எண்ணினால் ஹீமோகுளோபின் டெட்ராமர். புரோட்டோமரை ஒன்று என்று எண்ணினால் அது டைமர். இரண்டு டைமர்களின் டைமர் என்ற தொடர் இரண்டு எண்ணிக்கைகளையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறது. இது வெறும் சொல்விளையாட்டும் அன்று. ஆல்பா, பீட்டா இணைக்குள் இருக்கும் பிடிப்பு வலியது. இரண்டு இணைகளுக்கு இடையே இருக்கும் பிடிப்பு அதைவிடத் தளர்ந்தது. கரைசலை மிகவும் நீர்க்கச் செய்தால் ஹீமோகுளோபின் முதலில் இரண்டு இணைகளாகப் பிரிகிறது. ஆக்சிஜனை ஏற்கும்போது ஓர் இணை மற்றதைச் சார்ந்து சுமார் 15 பாகை சுழல்கிறது.

மோனோமர் என்ற சொல்லில் இன்னொரு வழுக்கலும் உண்டு. வேதியியல் பாடத்தில் பலபடிகளைப் படிக்கும்போது, புரதம் ஒரு பலபடி என்றும் அதன் ஒருபடி அமினோ அமிலம் என்றும் கற்கிறோம். புரத அமைப்பைப் பற்றிய எழுத்தில் மோனோமர் என்பது மடிந்த சங்கிலி முழுவதையும் குறிக்கும். சொல் ஒன்றே, எண்ணும் அலகு நூற்றுக்கணக்கான மடங்கு பெரிதாகிவிட்டது.

எண்ணிக்கைப் பெயர்கள்

டைமர், டிரைமர், டெட்ராமர், பென்டாமர், ஹெக்சாமர், ஹெப்டாமர், ஆக்டாமர் என்று நீளும் வரிசை, கிரேக்க எண்ணுப் பெயர்களுடன் பகுதி என்று பொருள்படும் விகுதியைச் சேர்த்து அமைந்தது. தமிழில் இருபடி, முப்படி, நாற்படி என்று எழுதும் வழக்கம் உண்டு. படி என்ற சொல்லுக்குப் பிரதி என்ற பொருளும் இருப்பதால் இந்த ஆக்கம் இயல்பாகவே பொருந்துகிறது. இருபடிச் சமன்பாடு என்ற கணிதச் சொல்லோடு குழப்பிக்கொள்ளாமல் இருந்தால் போதும். பன்னிரண்டு அலகுகள் கொண்ட டோடெக்காமர் வரை கிரேக்கப் பெயர்கள் புழக்கத்தில் உள்ளன. அதற்கு மேல் பெரும்பாலும் எண்ணையே எழுதி, 14 துணையலகுகள் கொண்டது, 24 துணையலகுகள் கொண்டது என்று சொல்வதே நல்லது.

சில துணையலகுகள் சேர்ந்தது ஒலிகோமர், அதாவது சிலபடி. சில என்பது எத்தனை வரை என்று கறாரான எல்லை இல்லை. உண்மையான வேறுபாடு எண்ணிக்கையைவிட அமைப்பில் இருக்கிறது. ஒலிகோமர் மூடிய வடிவம் கொண்டது. வளையம் முடிந்துவிட்டால், கூண்டு அடைபட்டுவிட்டால், மேலும் ஓர் அலகு சேர இடம் இராது. உயிரணுவுக்கு வடிவம் தரும் ஆக்டின் இழையும் நுண்குழலும் அப்படியல்ல. அவற்றின் முனைகள் திறந்தே இருப்பதால் அலகுகள் சேர்ந்துகொண்டே போகலாம், கழன்றும் போகலாம். எனவே அவற்றைப் பலபடி என்கிறோம். நுண்குழலின் எண்ணும் அலகும் கவனிக்கத்தக்கது: அங்கே சேர்வது ஆல்பா டியூபுலினும் பீட்டா டியூபுலினும் இணைந்த ஓர் இருபடி. அந்த இருபடிகளே வரிசையாக அடுக்கப்பட்டு நீள் இழைகளாகி, பொதுவாக 13 இழைகள் சேர்ந்து ஒரு குழல் உருவாகிறது.

ஒத்தவையும் வேறானவையும்

எண்ணிக்கைப் பெயருக்கு முன் ஹோமோ என்ற முன்னொட்டு வந்தால் துணையலகுகள் எல்லாம் ஒரே வகை. ஹெட்டிரோ என்று வந்தால் ஒன்றுக்கு மேற்பட்ட வகைகள். புற்றுநோயைத் தடுப்பதில் பெரும் பங்கு வகிக்கும் பி53 புரதம் ஒரே வகைச் சங்கிலிகள் நான்கு கொண்ட ஹோமோடெட்ராமர். தோலிலும் எலும்பிலும் மிகுந்திருக்கும் முதல் வகைக் கொலாஜன் மூன்று சங்கிலிகளின் முறுக்கு. அவற்றுள் இரண்டு ஒரு வகை, ஒன்று வேறு வகை என்பதால் அது ஹெட்டிரோடிரைமர்.

ஹெட்டிரோ என்ற முன்னொட்டு வேறுபாடு உண்டு என்பதை மட்டுமே சொல்கிறது; எந்த வகை எத்தனை என்பதைச் சொல்வதில்லை. அதற்காகத்தான் கிரேக்க எழுத்துகளும் கீழொட்டு எண்களும் பயன்படுகின்றன. வயதுவந்தோரின் முதன்மை ஹீமோகுளோபினில் இரண்டு ஆல்பாவும் இரண்டு பீட்டாவும். கருவிலிருக்கும் குழந்தையின் ஹீமோகுளோபினில் இரண்டு ஆல்பாவும் இரண்டு காமாவும். இரண்டும் ஹெட்டிரோடெட்ராமர்களே, ஆனால் கருவின் ஹீமோகுளோபின் ஆக்சிஜனை இன்னும் இறுகப் பற்றுவதால், தாயின் இரத்தத்திலிருந்து அதைப் பெற்றுக்கொள்ள முடிகிறது. ஆல்பா தாலசீமியா என்ற பரம்பரை இரத்தக் குறைபாட்டின் ஒரு வகையில் ஆல்பா சங்கிலி போதிய அளவு உருவாவதில்லை. மிஞ்சிய பீட்டா சங்கிலிகள் நான்கு தமக்குள்ளேயே சேர்ந்து ஹீமோகுளோபின் எச் என்ற ஹோமோடெட்ராமர் ஆகின்றன. எண்ணிக்கை மாறவில்லை, நான்குதான். ஆனால் அது ஆக்சிஜனை மிக இறுகப் பற்றிக்கொண்டு திசுக்களில் விடாமல் இருப்பதால் சுமப்பதற்கு உதவாததாகிவிடுகிறது. உறுப்புகளின் வகையும் விகிதமும் எண்ணிக்கைக்குச் சற்றும் குறைந்தவை அல்ல என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்றை நான் அறியேன்.

எண்ணிக்கையே வேலையின் விலையை மாற்றும் இடமும் உண்டு. உயிரணுக்களின் ஆற்றல் நாணயமான ஏ.டி.பி.யை உருவாக்கும் ஏ.டி.பி. சிந்தேஸ் என்ற நொதி, உண்மையாகவே சுழலும் ஓர் எந்திரம். சவ்வுக்குள் பதிந்திருக்கும் சி துணையலகுகளின் வளையம் புரோட்டான்கள் பாயும்போது சுழல்கிறது. அதனுடன் சேர்ந்து சுழலும் காமா துணையலகு, மேலே மாறிமாறி அமைந்த மூன்று ஆல்பா, மூன்று பீட்டா துணையலகுகளின் நடுவே அச்சுப்போல் திரும்புகிறது. வினை நிகழும் இடங்கள் மூன்று பீட்டாக்களில் இருப்பதால், ஒரு முழுச் சுற்றுக்கு மூன்று ஏ.டி.பி. கிடைக்கும். இந்த இயக்கத்தை விளக்கியதற்காக பால் பாயரும் ஜான் வாக்கரும் 1997ஆம் ஆண்டின் வேதியியல் நோபல் பரிசில் பங்கு பெற்றார்கள். சி வளையத்தில் எத்தனை துணையலகுகள் என்பது உயிரினத்துக்கு உயிரினம் மாறுகிறது: மாட்டின் மைட்டோகாண்ட்ரியாவில் 8, ஈஸ்ட்டில் 10. ஒரு துணையலகுக்கு ஒரு புரோட்டான் என்பதால், மூன்று ஏ.டி.பி.க்கு மாட்டின் நொதி எட்டுப் புரோட்டான்களைச் செலவிடும்போது, ஈஸ்ட்டின் நொதி பத்தைச் செலவிடுகிறது. ஒரு பெயரின் ஓரத்தில் சிறிதாக எழுதப்படும் கீழொட்டு எண், ஓர் உயிரணுவின் ஆற்றல் கணக்கைத் தீர்மானிக்கிறது.

கூட்டத்துக்குள் கூட்டம்

எதிர்ப்பொருள்களில் ஒன்றான ஐ.ஜி.ஜி., இரண்டு கனச் சங்கிலிகளும் இரண்டு இலேசான சங்கிலிகளும் டைசல்ஃபைடு பிணைப்புகளால் கட்டப்பட்ட நான்கு சங்கிலி மூலக்கூறு. ஐ.ஜி.எம். என்ற எதிர்ப்பொருளைப் பென்டாமர் என்று பாடநூல்கள் அழைக்கின்றன. அதில் ஐந்து சங்கிலிகள் இருப்பதாக எண்ணிவிடக் கூடாது. நான்கு சங்கிலிகள் கொண்ட அலகுகள் ஐந்து இருக்கின்றன. இருபது சங்கிலிகளுடன், அவற்றைச் சேர்த்துக் கட்டும் ஜே சங்கிலி ஒன்றும் சேர்ந்து மொத்தம் இருபத்தொன்று.

இதேபோல் எண்ணிக்கையில் ஏமாற்றும் பெயர் அடினோவைரஸின் புரத உறையிலும் இருக்கிறது. வைரஸ் உறையை நுண்ணோக்கியில் பார்க்கும்போது தனித்தனியே தெரியும் குமிழ்களுக்குக் கேப்சோமியர் என்று பெயர். அடினோவைரஸில் 240 கேப்சோமியர்கள் ஹெக்சான் என்றும் 12 கேப்சோமியர்கள் பென்டான் என்றும் அழைக்கப்படுகின்றன. ஹெக்சான் என்றதும் ஆறு சங்கிலிகள் என்று தோன்றும். உண்மையில் ஒவ்வொரு ஹெக்சானும் மூன்று சங்கிலிகளின் முப்படி. சுற்றிலும் ஆறு அண்டைக் கேப்சோமியர்கள் இருப்பதால் அது ஹெக்சான் ஆயிற்று. பெயரில் உள்ள எண் உறுப்புகளை எண்ணவில்லை, அண்டையில் இருப்பவற்றை எண்ணியிருக்கிறது.

வைரஸ்களைப் பற்றிப் பேசும்போது, இயற்கை ஏன் இப்படித் துண்டு துண்டாகக் கட்டுகிறது என்ற கேள்விக்கும் விடை கிடைக்கிறது. புகையிலைத் தேமல் வைரஸின் உறை, 158 அமினோ அமிலங்கள் கொண்ட ஒரே புரதத்தின் ஏறத்தாழ 2,130 பிரதிகளால் ஆனது. அந்த உறை முழுவதையும் ஒரே சங்கிலியாகக் கட்டுவதானால், அதற்குத் தேவையான மரபுச் செய்தி அந்த உறைக்குள் அடங்கவே அடங்காது. சிறிய வைரஸ்களின் மரபுப் பொருள் இவ்வளவு குறுகியதாக இருப்பதால், அவற்றின் உறை ஒரே வகைச் சிறு அலகுகளைத் திரும்பத் திரும்ப அடுக்கியே அமைந்திருக்க வேண்டும் என்று பிரான்சிஸ் கிரிக்கும் ஜேம்ஸ் வாட்சனும் 1956இல் வாதிட்டார்கள். 1962இல் டொனால்ட் காஸ்பரும் ஆரன் குளுக்கும், இருபது முகங்கள் கொண்ட உறைகளில் 60 அல்லது அதன் குறிப்பிட்ட மடங்குகள் எப்படிப் பொருந்துகின்றன என்பதற்கு வடிவக் கணித விதியைத் தந்தார்கள். துண்டுகளாகக் கட்டுவதில் இன்னொரு நன்மையும் உண்டு: பிழையுடன் உருவான ஒரு துணையலகு சரியாகப் பொருந்தாமல் விலகிப்போகும், முழுக் கட்டமைப்பும் வீணாவதில்லை.

சங்கிலிக்குள் இருக்கும் உட்பிரிவைத் துணையலகுடன் குழப்பிக்கொள்வதும் அடிக்கடி நேர்வது. ஒரே சங்கிலியின் ஒரு பகுதி தனக்கெனத் தனி மடிப்பும் தனி வேலையும் கொண்டிருந்தால் அது டொமைன், அதாவது களம். அது துணையலகு அன்று. கொழுப்பு அமிலத்தை உருவாக்கும் நொதிகளில் இந்த வேறுபாடு தெளிவாகத் தெரிகிறது. பெரும்பாலான பாக்டீரியாக்களில் ஒவ்வொரு படிநிலைக்கும் தனித்தனிப் புரதம் உண்டு. விலங்குகளிலோ அந்த வேலைகள் எல்லாம் ஒரே நீண்ட சங்கிலியின் களங்களாக அமைந்து, அத்தகைய இரண்டு சங்கிலிகள் சேர்ந்து ஹோமோடைமர் ஆகின்றன. பூஞ்சைகளில் ஆறு ஆல்பாவும் ஆறு பீட்டாவும் கொண்ட பன்னிரண்டு சங்கிலிக் கூட்டமைப்பு அதே வேலையைச் செய்கிறது.

எஸ் என்ற எழுத்து

உயிரணுவில் புரதங்களைக் கட்டும் ரைபோசோமைப் பற்றிப் படிப்பவர்கள் எல்லோரும் ஒருமுறையாவது இந்தக் கூட்டல் கணக்கைப் பார்த்துத் திகைத்திருப்பார்கள்: 30 எஸ் துணையலகும் 50 எஸ் துணையலகும் சேர்ந்தால் 70 எஸ் ரைபோசோம். எஸ் என்பது எடையின் அலகு அன்று. மைய விலக்குக் கருவியில் ஒரு துகள் எவ்வளவு விரைவாகப் படிகிறது என்பதை அளக்கும் ஸ்வெட்பெரி அலகு அது. படியும் வேகம் எடையை மட்டும் சார்ந்ததன்று, துகளின் வடிவமும் அது சந்திக்கும் உராய்வும் அதில் பங்கு பெறுகின்றன. இரண்டு துகள்கள் ஒட்டிக்கொள்ளும்போது எடைகள் கூடுகின்றன, ஆனால் உராய்வு தானும் கூடுவதால் வேகங்கள் அப்படியே கூடுவதில்லை. ஆகவே இந்த எண்களைப் பெயர்களாகக் கொள்ள வேண்டும், கூட்டக் கூடாது.

ரைபோசோமில் துணையலகு என்ற சொல்லும் பெரிய பொருளில் வருகிறது. பாக்டீரியாவான ஈ.கோலையின் 30 எஸ் துணையலகு என்பது ஓர் ஆர்.என்.ஏ. மூலக்கூறும் 21 புரதங்களும் சேர்ந்த பெருந்திரள். ஹீமோகுளோபினின் துணையலகு ஒரு சங்கிலி. ரைபோசோமின் துணையலகு தானே ஒரு கூட்டமைப்பு.

பழுதான புரதங்களைச் சிதைக்கும் புரோட்டியசோமிலும் எஸ் எண்கள் வருகின்றன. அதன் மையப் பீப்பாய் 20 எஸ். ஒரு பக்கத்தில் 19 எஸ் மூடி சேர்ந்தால் 26 எஸ். மையப் பீப்பாயில் ஏழு துணையலகுகள் கொண்ட வளையங்கள் நான்கு அடுக்கப்பட்டு மொத்தம் 28 துணையலகுகள் உள்ளன; வெளி வளையங்கள் இரண்டும் ஆல்பா, உள் வளையங்கள் இரண்டும் பீட்டா. தெர்மோபிளாஸ்மா என்ற ஆர்க்கியாவில் (பாக்டீரியாவிலிருந்து வேறான ஒற்றைச் செல் நுண்ணுயிர் வகை) ஆல்பாக்கள் எல்லாம் ஒன்றே, பீட்டாக்களும் ஒன்றே. ஈஸ்ட்டிலோ ஏழு வகை ஆல்பாவும் ஏழு வகை பீட்டாவும் தத்தமக்குரிய இடத்தில் அமர்கின்றன. கட்டடம் மாறவில்லை, கற்கள் மட்டும் இரண்டு வகையிலிருந்து பதினான்கு வகையாகப் பெருகியிருக்கின்றன.

ரைபோசோம், புரோட்டியசோம், ஸ்பிளைசோசோம் ஆகியவற்றின் ஈற்றில் வரும் சோம், உடல் என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. பெரிய மூலக்கூறு எந்திரங்களுக்கு இந்த விகுதியைச் சேர்ப்பது வழக்கமாகிவிட்டாலும், இது கூட்டமைப்புக்கே உரிய அடையாளம் அன்று. லைசோசோம் சவ்வால் சூழப்பட்ட உள்ளுறுப்பு. எக்சோசோம் என்ற ஒரே பெயர் ஆர்.என்.ஏ.வைச் சிதைக்கும் புரதக் கூட்டமைப்புக்கும், உயிரணு வெளியே விடும் நுண்பைகளுக்கும் வழங்குகிறது. தேடிப் படிக்கும்போது இரண்டும் கலந்தே கிடைக்கும்.

கருவும் முழுமையும்

ஒரு கூட்டமைப்பின் எல்லா உறுப்புகளும் எப்போதும் சேர்ந்தே இருப்பதில்லை. ஈ.கோலையின் ஆர்.என்.ஏ. பாலிமரேஸில் இரண்டு ஆல்பா, ஒரு பீட்டா, ஒரு பீட்டா பிரைம், ஓர் ஒமேகா ஆகியவை சேர்ந்தது கரு நொதி. டி.என்.ஏ.வில் படியெடுக்கத் தொடங்க வேண்டிய இடத்தைக் கண்டறிய சிக்மா என்ற துணையலகு வந்து சேர வேண்டும். சேர்ந்த பின் அது ஹோலோ நொதி. படியெடுப்பு தொடங்கிய பின் சிக்மாவின் பிடி தளர்கிறது. ஹோலோ என்ற முன்னொட்டு வேறொரு பொருளிலும் வருவதை மறக்கக் கூடாது: ஹீம் போன்ற புரதமல்லாத துணைப்பொருளுடன் இருக்கும் புரதமும் ஹோலோ, அது நீக்கப்பட்டது அப்போ. முதற்பொருளில் விடுபட்டிருப்பது ஒரு சங்கிலி, இரண்டாம் பொருளில் விடுபட்டிருப்பது ஒரு சிறு மூலக்கூறு.

பைருவேட் டீஹைட்ரஜனேஸ் போன்ற பல்நொதிக் கூட்டமைப்பில் ஈ1, ஈ2, ஈ3 என்று குறிக்கப்படும் தனித்தனி நொதிகளே உறுப்புகளாகின்றன. ஈ.கோலையில் நடுவே 24 ஈ2 சங்கிலிகள் கனசதுரமாக அமைய, சுற்றிலும் 24 ஈ1 சங்கிலிகளும் 12 ஈ3 சங்கிலிகளும் பொருந்துகின்றன என்பது பாடநூல்கள் தரும் கணக்கு. ஈ1, ஈ3 இரண்டும் இருபடிகளாகவே சேர்வதால், சில நூல்கள் 12 என்றும் 6 என்றும் எழுதும். எண்கள் முரண்படுவதாகத் தோன்றும்போது எண்ணியது சங்கிலியையா இருபடியையா என்று கேட்டுப் பார்த்தால் பெரும்பாலும் முரண் மறைந்துவிடும்.

எப்படி எண்ணுகிறார்கள்

துணையலகுகளின் எண்ணிக்கையை அறிய ஆய்வகத்தில் இரண்டு அளவைகள் தேவைப்படுகின்றன. எஸ்.டி.எஸ். என்ற சோப்புத் தன்மையுள்ள பொருள் புரதத்தின் மடிப்பைக் குலைத்துத் துணையலகுகளைப் பிரித்துவிடும். அதன்பின் ஜெல் எனப்படும் கூழ்மத்தில் மின்புலத்தால் நகர்த்தினால் தனிச் சங்கிலிகளின் எடைகள் தெரியும். மடிப்பு குலையாத நிலையில் மைய விலக்காலோ, கூழ்ம வடிகட்டலாலோ, நிறை நிறமாலையாலோ முழுமையின் எடை தெரியும். ஒன்றை மற்றொன்றால் வகுத்தால் எண்ணிக்கை கிடைக்கும். மூலக்கூறு எடையின் அலகான டால்டனில் சொன்னால், ஹீமோகுளோபினில் சங்கிலிகள் சுமார் 16,000 டால்டன், முழுமை சுமார் 64,500 டால்டன். அடேர் கண்ட நான்கு மீண்டும் வருகிறது. டைசல்ஃபைடு பிணைப்பு உள்ள புரதங்களில் அதை உடைக்கும் வேதிப்பொருளையும் சேர்க்க வேண்டும். இல்லையேல் இரண்டு சங்கிலிகள் ஒன்றாகவே நகர்ந்து எண்ணிக்கையைப் பிழையாக்கிவிடும்.

இன்று எவரும் புரத அமைப்புத் தரவு வங்கியிலிருந்து ஒரு கோப்பைப் பெற்றுத் திரையில் சுழற்றிப் பார்க்கலாம். அங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். படிகவியல் கோப்புகளில் பதிவாகியிருப்பது சமச்சீரற்ற அலகு, அதாவது படிகத்தின் சமச்சீர் செயல்களால் மற்றவற்றை எல்லாம் பெறுவதற்குப் போதுமான மிகச் சிறிய பகுதி. உயிரணுவில் இயங்கும் முழுமைக்கு உயிரியல் கூட்டமைப்பு என்று தனிக் கோப்பு உண்டு. இரண்டும் எப்போதும் ஒன்றாக இருப்பதில்லை. பெரூட்ஸ் ஆராய்ந்த குதிரை ஹீமோகுளோபின் படிகத்தில், மூலக்கூறின் சமச்சீர் அச்சும் படிகத்தின் சமச்சீர் அச்சும் ஒன்றிவிடுகின்றன. எனவே சமச்சீரற்ற அலகில் இருப்பவை ஓர் ஆல்பாவும் ஒரு பீட்டாவும் மட்டுமே. அத்தகைய கோப்பைத் திறந்து இரண்டு சங்கிலிகளை மட்டும் காண்பவர், உயிரியல் கூட்டமைப்பைத் தேர்ந்தெடுத்து மற்ற இணையையும் வரவழைத்துப் பார்த்தால், டெட்ராமர் என்ற பெயரும் இரண்டு டைமர்களின் டைமர் என்ற பெயரும் ஒரே உருவத்தில் பொருந்தி நிற்பதைத் திரையிலேயே காணலாம்.